நேர்மையாக எழுதினால் மட்டும் போதாது, கண்ணு

ஆன்லைன் க்விஸ்ஸில் யார் காப்பி அடித்தார்கள் என்று கண்டுபிடிக்கிற மென்பொருள் எதுவும் கிடையாது. முதலில் இதை மனதில் வாங்கிக்கொள். இருப்பதெல்லாம் குறிப்பெடுக்கிற மென்பொருள்தான். நீ எத்தனை மணிக்கு உள்ளே வந்தாய், ஏழாம் கேள்விக்கு முதலில் எதைத் தேர்ந்தெடுத்தாய், எப்போது மாற்றினாய், எந்த ஐபி முகவரியிலிருந்து வந்தாய், கேமராவில் உன் முகம் எத்தனை நொடி காணாமல் போனது, எல்லாவற்றையும் எழுதி வைக்கும். ஏன் காணாமல் போனது என்று அதற்குத் தெரியாது. பாட்டி தண்ணீர் கேட்டதற்குத் திரும்பினாயா, சுவரில் ஒட்டிய பிட்டைப் பார்க்கத் திரும்பினாயா, இரண்டும் அதற்கு ஒன்றுதான்.

அந்தக் குறிப்பைப் படித்து முடிவு எடுப்பது என்னைப் போல ஓர் ஆசிரியர். மூடுல் என்கிற பாடத்தளத்தில் க்விஸ் போடுவதும், பிறகு உட்கார்ந்து அதன் லாகை, அதாவது அந்தக் குறிப்பைப் பார்ப்பதும் என் வேலையில் ஒரு பகுதி. அதனால் மேஜையின் இந்தப் பக்கத்திலிருந்து பேசுகிறேன். காப்பி அடிக்காதே என்று உனக்கு வீட்டிலேயே சொல்லியிருப்பார்கள், நான் திரும்பச் சொல்லப்போவதில்லை. நான் சொல்ல வந்தது அதற்கு அடுத்த படி. நீ ஒழுங்காக எழுதினாய் என்பது லாகிலும் ஒழுங்காகத் தெரியவேண்டும். அதற்கு முன்கூட்டியே சில வேலைகள் பார்த்து வைக்க வேண்டியிருக்கிறது.

முதலில் எல்லாவற்றிலிருந்தும் லாக்-அவுட்

2021-ல் அமெரிக்காவில் டார்ட்மத் கல்லூரியின் கைஸல் மருத்துவப் பள்ளியில் 17 மாணவர்கள் மீது தேர்வில் காப்பி அடித்ததாகக் குற்றம் சாட்டினார்கள். கொரோனா காலம், ஆன்லைனில் எழுதிய தேர்வு. ஆதாரம் என்று காட்டியது கேன்வாஸ் என்கிற பாடத்தளத்தின் லாக். தேர்வு நேரத்தில் இவர்கள் கணக்கிலிருந்து பாடக் குறிப்புப் பக்கங்கள் திறக்கப்பட்டதாக அதில் பதிவாகியிருந்தது. ஏழு பேரை விட்டுவிட்டார்கள். மீதிப் பேரில் சிலரைக் கல்லூரியை விட்டே நீக்க முடிவானது. பதில் சொல்ல 48 மணி நேரம்கூடத் தரவில்லை என்று மாணவர்கள் சொன்னார்கள்.

பிறகு நியூயார்க் டைம்ஸ் இதை ஆராய்ந்தது. கேன்வாஸைத் திறந்து வைத்துவிட்டு யாருமே தொடாமல் கிடக்கும் ஃபோனும் லேப்டாப்பும்கூடத் தாமாகவே அந்தத் தளத்தோடு பேசிக்கொண்டிருக்கும், அது யாரோ பக்கம் புரட்டியது போலவே லாகில் விழும் என்று தெரியவந்தது. ஜூன் 2021-ல் டீன் எல்லாக் குற்றச்சாட்டையும் கைவிட்டு மன்னிப்புக் கேட்டார். இத்தனைக்கும் கேன்வாஸின் கையேடே, க்விஸ் லாக் என்பது மோசடியைக் கண்டுபிடிக்க வைத்த கருவி அல்ல என்றுதான் சொல்கிறது. கையேட்டை யார் படிக்கிறார்கள்?

அதனால் க்விஸ்ஸுக்கு முன்னால் ஃபோன், டேப்லெட், லேப் கம்ப்யூட்டர், போன வாரம் அவசரத்துக்கு வாங்கிய தோழியின் லேப்டாப் என்று எங்கெல்லாம் உன் கணக்கு திறந்திருக்கிறதோ அங்கெல்லாம் லாக்-அவுட் செய். டேபை மூடினால் போதாது, லாக்-அவுட். ஃபோனில் மூடுல் ஆப் இருந்தால் அதிலிருந்தும் வெளியே வா. எழுதப்போகிற லேப்டாப்பில் பாடத்தின் பிடிஎஃப், டிரைவ், வாட்ஸ்அப் வெப் எல்லாவற்றையும் மூடு. வி.பி.என். ஏதாவது போட்டு வைத்திருந்தால் அணைத்துவிடு. நீ திருச்சியில் உட்கார்ந்திருக்க, லாகில் நெதர்லாந்து ஐபி தெரிந்தால் ஆசிரியருக்குச் சந்தேகம் வராமல் என்ன செய்யும்?

கடிகாரம் உன்னுடையது இல்லை

மாணவர்கள் அதிகமாக மார்க்கை இழப்பது காப்பியால் அல்ல, மூடுலின் கடிகாரம் எப்படி ஓடுகிறது என்று தெரியாததால். க்விஸ்ஸில் இரண்டு நேரம் இருக்கும். ஒன்று உனக்குத் தந்த கால அளவு, இன்னொன்று க்விஸ் மூடும் நேரம். 30 நிமிட க்விஸ் இரவு 9 மணிக்கு மூடுகிறது, நீ 8.45-க்கு உள்ளே போகிறாய் என்றால் உனக்குக் கிடைப்பது 15 நிமிடம். எது முதலில் வருகிறதோ அதோடு சரி. உள்ளே போன நொடியிலிருந்து கடிகாரம் சர்வரில் ஓடுகிறது. நீ டேபை மூடினாலும், கரண்ட் போனாலும், லேப்டாப் ரீஸ்டார்ட் ஆனாலும் அது நிற்காது.

நெட் போனால் பதறாதே. மூடுல் வழக்கமாக நிமிடத்துக்கு ஒருமுறை உன் விடைகளைத் தானே சேமிக்கும். இணைப்பு அறுந்தால் பக்கத்திலேயே எச்சரிக்கை காட்டும். அப்போது பக்கத்தை ரெஃப்ரெஷ் செய்யாமல், கடைசியாக மாற்றிய விடைகளை ரஃப் பேப்பரில் குறித்துக்கொண்டு ஹாட்ஸ்பாட்டை ஆன் செய். நேரத்தையும் குறி. பிறகு ஆசிரியருக்கு எழுதும்போது "நெட் போச்சு மேடம்" என்பதைவிட "10.17-லிருந்து 10.22 வரை இணைப்பு இல்லை" என்பதற்கு மதிப்பு அதிகம். லாகில் அந்த ஐந்து நிமிடம் வெறுமையாக இருப்பதை நான் பார்க்க முடியும், இரண்டும் பொருந்தும்.

அடுத்தது இன்னும் பரிதாபம். எல்லாக் கேள்விக்கும் விடை எழுதிவிட்டு "ஃபினிஷ் அட்டெம்ப்ட்" அழுத்துகிறார்கள். ஒரு பட்டியல் வருகிறது. முடிந்தது என்று நினைத்து லேப்டாப்பை மூடிவிடுகிறார்கள். முடியவில்லை கண்ணு. அது எந்தக் கேள்விக்கு விடை சேமிக்கப்பட்டது, எது விட்டுப்போயிருக்கிறது என்று காட்டுகிற சுருக்கம்தான். அதன் கீழே "சப்மிட் ஆல் அண்ட் ஃபினிஷ்" இருக்கும், அதை அழுத்தினால் இன்னொரு முறை உறுதி கேட்கும், அதையும் அழுத்தினால்தான் தாள் என் கைக்கு வரும். நேரம் முடிந்ததும் தானாகவே சமர்ப்பிக்கும்படி ஆசிரியர் அமைத்திருந்தால் தப்பித்தாய். "நேரத்துக்குள் சமர்ப்பிக்காதது கணக்கில் இல்லை" என்று அமைக்கவும் மூடுலில் வழி உண்டு. உன் ஆசிரியர் எதை வைத்திருக்கிறார் என்று யோசித்துக்கொண்டிருக்காமல் நீயே சமர்ப்பித்துவிடு.

பக்கத்து வீட்டு விடை

இப்போது நாங்கள் க்விஸ்ஸை எப்படிக் கட்டுகிறோம் என்று கொஞ்சம் சொல்கிறேன். இது ரகசியம் இல்லை, தெரிந்தால் உனக்கு ஆசையும் போய்விடும்.

கேள்வி வங்கி என்று ஒன்று இருக்கும். ஒவ்வொரு தலைப்பிலும் நிறையக் கேள்விகளைப் போட்டு வைத்தால், மூடுல் ஒவ்வொருவருக்கும் அதிலிருந்து ஏதோ சிலவற்றை எடுத்துக் கொடுக்கும். கேள்வி வரிசை மாறும், விடைத் தேர்வுகளின் வரிசையும் மாறும். "ஆறாவதுக்கு சி" என்று ஒருத்தி குரூப்பில் போட்டால், அது அவளுடைய ஆறாவது, அவளுடைய சி. உன் திரையில் அங்கே வேறு எதுவோ இருக்கிறது.

கணக்குப் பாடங்களில் இன்னும் ஒரு வேலை செய்வோம். கேள்வி எல்லோருக்கும் ஒன்றேதான், ஆனால் எண்கள் ஆளுக்கு ஆள் மாறும். இணையாக இணைத்த இரண்டு மின்தடைகளின் மொத்தத் தடை என்ன என்று கேட்கிறேன் என்று வை. உன் திரையில் 12 ஓம், 8 ஓம். சரியான விடை 4.8. உன் தோழி திரையில் 6 ஓம், 3 ஓம். அவளுக்கு விடை 2. நீ 2 என்று எழுதுகிறாய். தப்பான விடை எழுதுவது குற்றமில்லை, நாங்கள் தினமும் பார்ப்பதுதான். 20 என்று எழுதியிருந்தால் தொடர் இணைப்பு என்று நினைத்துக் கூட்டிவிட்டாய் என்று புரிந்துகொள்வேன். ஆனால் 12-ஐயும் 8-ஐயும் வைத்துக்கொண்டு எந்தச் சூத்திரத்தைத் தப்பாகப் போட்டாலும் 2 வருவது கஷ்டம். அந்த 2 எந்த வீட்டிலிருந்து வந்தது என்று தேட எனக்கு ஐந்து நிமிடம்கூட ஆகாது. மூடுலில் ஒவ்வொரு கேள்விக்கும் விடையின் வரலாறு நேரத்தோடு இருக்கும். அவள் 10.12-க்கு 2 எழுதியிருப்பாள், நீ 10.14-க்கு.

சரியான விடைகள் ஒத்துப்போவதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை, படித்தவர்கள் எல்லோரும் சரியாகத்தான் எழுதுவார்கள். தப்பான விடைகள் ஒத்துப்போவதைத்தான் நாங்கள் உட்கார்ந்து பார்ப்போம்.

இதில் ஹாஸ்டல் பிள்ளைகளுக்கு ஒரு தனிச் சொல். ஹாஸ்டல் வைஃபையில் இருக்கிற எல்லோருக்கும் வெளியே பெரும்பாலும் ஒரே ஐபி முகவரிதான் தெரியும். மாடிக்கு மாடி வேறு வேறு அறையில் கதவைச் சாத்திக்கொண்டு எழுதினாலும், லாகில் ஒரே அறையில் கூடி உட்கார்ந்து எழுதியது போலத் தெரியும். விவரம் தெரிந்த ஆசிரியர் இதைக் கண்டுகொள்ள மாட்டார். எல்லோருக்கும் விவரம் தெரியும் என்று நம்பி உட்காராதே. "ஹாஸ்டல் வைஃபையிலிருந்து எழுதுகிறேன்" என்று க்விஸ்ஸுக்கு முன்பே ஒரு வரி மெயில் போட்டு வை. யாராவது பின்னால் கேட்டால் அந்த மெயிலைக் காட்டினால் போதும்.

அறை, வெளிச்சம், வீட்டு ஆட்கள்

கேமரா வைத்துக் கண்காணிக்கிற தேர்வு என்றால் நம்ம ஊர்ப் பிள்ளைகளுக்கு அண்ணா பல்கலைக்கழகம் ஞாபகம் வரும். 2020 செப்டம்பரில் இறுதி செமஸ்டரை ஆன்லைனில் ஒரு மணி நேரத் தேர்வாக நடத்தினார்கள். அடுத்த செமஸ்டர் தேர்வு 2021 பிப்ரவரியில் அதே போல நடந்தது. ரிசல்ட் வந்தபோது ஏராளமானவர்களுக்கு ஃபெயில், பலருக்கு வித்ஹெல்ட், அதாவது ரிசல்ட் நிறுத்திவைப்பு. செயற்கை நுண்ணறிவுக் கண்காணிப்பு எங்களைத் தப்பாகக் குறித்துவிட்டது என்று மாணவர்கள் கொதித்தார்கள். மே மாதம் உயர்கல்வி அமைச்சர் பொன்முடி மறுதேர்வு அறிவிக்க வேண்டிவந்தது. அத்தனை பேரும் காப்பி அடித்தவர்கள் என்று நான் நம்பவில்லை. ஒருவருமே அடிக்கவில்லை என்றும் நம்பவில்லை. பிரச்சினையே அதுதான், மென்பொருள் இந்த இரண்டு கூட்டத்தையும் ஒரே கூடையில் போட்டுவிட்டது.

அந்தக் கூடையில் விழாமல் இருக்க முதல் வேலை வெளிச்சம். விளக்கு உன் முகத்துக்கு எதிரே இருக்கட்டும், முதுகுக்குப் பின்னால் ஜன்னல் வேண்டாம். நம் நிறத்துக்கு இது இன்னும் முக்கியம். ஆம்ஸ்டர்டாமில் விரியே பல்கலைக்கழகத்தில் படித்த கறுப்பின மாணவி ஒருவர், தேர்வு மென்பொருளுக்குத் தன் முகம் தெரிவதற்காக முகத்துக்கு நேராக விளக்கை வைத்துக்கொண்டே எழுத வேண்டியிருந்தது என்று புகார் கொடுத்தார். நெதர்லாந்தின் மனித உரிமைக் கழகம் 2022 டிசம்பரில் பாகுபாடு இருக்கலாம் என்று எடுத்துக்கொண்டது. 2023 அக்டோபரில், அவர் விஷயத்தில் அது நிறத்தால் நடந்தது என்று நிரூபணமாகவில்லை என்று முடித்தது. வழக்கு எப்படி முடிந்தால் என்ன, விளக்கை முன்னால் வைப்பதில் உனக்கு நஷ்டம் இல்லை.

வாய்விட்டுப் படிக்கிற பழக்கம் நம்மில் பலருக்கு உண்டு. கேள்வியை முணுமுணுத்தால் மைக் அதைப் பேச்சு என்று குறிக்கும். விட்டத்தைப் பார்த்து யோசித்தால் கண் திரையில் இல்லை என்று குறிக்கும். முதல் மாதிரித் தேர்விலேயே இதைப் பழகிக்கொள். யோசிக்கும்போது மேலே பார்க்காமல் ரஃப் பேப்பரைப் பார். ரஃப் பேப்பர் அனுமதி உண்டா என்று முன்பே கேட்டு, ஆரம்பத்திலேயே இரண்டு பக்கமும் வெறுமையாக இருப்பதைக் கேமராவுக்குக் காட்டிவிடு.

வீட்டில் ஒரு மணி நேரம் யாரும் அறைக்குள் வரவேண்டாம் என்று சொன்னால் மட்டும் போதாது. தம்பி கதவுக்கு வெளியே நின்றுகொண்டு "அக்கா, சார்ஜர் எங்க?" என்று கத்தினாலும் மைக்குக்கு அது இன்னொரு குரல்தான். குக்கர், டிவி சீரியல், வாசலில் வருகிற கோலமாவுக்காரர் எல்லாம் நேரத்தோடு பதிவாகும். தனி அறை இல்லாத வீடு என்றால் கூச்சப்படாமல் ஆசிரியரிடம் சொல், கல்லூரி லேபில் உட்கார்ந்து எழுத இடம் கேள். பெரும்பாலும் கிடைக்கும், கேட்கத்தான் ஆள் இல்லை. பராமரிப்புப் பணிக்காக மின்தடை என்று முதல் நாளே செய்தி வரும், அதையும் பார்த்து வை. இன்வெர்ட்டர் இருந்தால் ஃபேனுக்கு முன்னால் ரவுட்டர் அந்த லைனில் இருக்கிறதா என்று பார்.

அறையைக் கேமராவால் சுற்றிக் காட்டச் சொல்வார்கள். அமெரிக்காவில் கிளீவ்லண்ட் ஸ்டேட் பல்கலைக்கழக மாணவர் ஒருவர் இதை எதிர்த்து வழக்குப் போட்டார். அரசுப் பல்கலைக்கழகம் மாணவரின் வீட்டு அறையை இப்படிப் பார்ப்பது அந்த நாட்டு அரசியல் சட்டத்துக்கு விரோதமான சோதனை என்று 2022 ஆகஸ்டில் ஒஹாயோவில் ஒரு ஃபெடரல் நீதிபதி தீர்ப்புச் சொன்னார். அந்தத் தீர்ப்பு உன்னுடைய கல்லூரியைக் கட்டுப்படுத்தாது. ஆனால் பீரோ திறந்திருக்கிறதா, கொடியில் துணி தொங்குகிறதா, அப்பாவின் பேங்க் பாஸ்புக் மேஜையில் கிடக்கிறதா என்று கேமராவை ஆன் செய்வதற்கு முன்னால் பார்ப்பது உன் உரிமை, உன் பொறுப்பும்கூட. அந்தப் பதிவு யாரிடம் எவ்வளவு நாள் இருக்கும் என்று கேள். கேட்பதால் யாரும் மார்க்கைக் குறைக்க முடியாது.

இன்னொன்று. மென்பொருள் சிவப்புக் கொடி காட்டினால் அதை ஒரு மனிதர் உட்கார்ந்து பார்ப்பார் என்று நினைக்கிறோம் அல்லவா? ப்ராக்டர்யூ என்கிற அமெரிக்க நிறுவனம் 2021-ல், மனிதர் இல்லாமல் செயற்கை நுண்ணறிவு மட்டும் கண்காணிக்கிற சேவையை விற்பதை நிறுத்தியது. மென்பொருள் சந்தேகம் என்று குறித்த தேர்வுப் பதிவுகளில்கூடச் சராசரியாக 11 சதவீதத்தைத்தான் கல்வி நிறுவனங்கள் திறந்தே பார்க்கின்றன என்று அவர்களே காரணம் சொன்னார்கள். ஆகவே உன் பெயருக்கு எதிரே கொடி விழுந்திருப்பதாகச் சொன்னால், "அந்தப் பதிவை நீங்கள் பார்த்தீர்களா, எனக்கும் காட்டுங்கள்" என்று மரியாதையாகக் கேள்.

பூட்டுகிற பிரவுசர்

சில கல்லூரிகள் சேஃப் எக்ஸாம் பிரவுசர் கேட்கும். சுவிட்சர்லாந்தின் ஈ.டி.ஹெச். ஜூரிக் உருவாக்கி இலவசமாகத் தரும் மென்பொருள். க்விஸ் முடியும்வரை வேறு எந்த நிரலுக்கும் போகவிடாது, வெளியே காப்பி செய்ததை உள்ளே பேஸ்ட் செய்யவும் முடியாது. விண்டோஸ், மேக், ஐபேடில் ஓடும். ஆண்ட்ராய்டில் ஓடாது. ஃபோனை மட்டும் நம்பியிருக்கிற பிள்ளைகள் இதைத் தேர்வு நாள் காலையில்தான் கண்டுபிடிக்கிறார்கள். எந்த லேப்டாப்பில் எழுதப்போகிறாயோ அதே லேப்டாப்பில் இரண்டு நாள் முன்பே போட்டுப் பார். எனிடெஸ்க், டீம்வியூவர் மாதிரி தூரத்திலிருந்து கம்ப்யூட்டரை இயக்கவிடுகிற மென்பொருள் ஏதாவது பின்னணியில் ஓடினால் நிறுத்து. சேமிக்காத வேலை எதையும் திறந்து வைக்காதே.

குரூப்

கிளாஸ் வாட்ஸ்அப் குரூப்தான் பெரும்பாலான கேஸ்களில் மூலம். திட்டம் போட்டு ஏமாற்றுகிறவர்கள் கொஞ்சம் பேர். கடைசிப் பத்து நிமிடத்தில் பயந்து "யாருக்காவது 9 தெரியுமா?" என்று போடுகிறவர்கள்தான் அதிகம். ஒருத்தர் போட்ட ஸ்க்ரீன்ஷாட்டுக்குக் கீழே நீ ஒரு கட்டைவிரலைத் தூக்கிக் காட்டியிருந்தால் பிறகு அதற்கு நீயும் பதில் சொல்ல வேண்டும். கொடுத்தவளுக்கும் வாங்கியவளுக்கும் விதியில் பெரிய வித்தியாசம் கிடையாது. "நான் ஹெல்ப்தான் பண்ணினேன்" என்று அழுத பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன், எனக்கே மனசு கேட்காது, ஆனாலும் விதி அதுதான்.

தேர்வுக்கு முந்தைய இரவு எல்லோரும் சேர்ந்து படியுங்கள், ஒருவருக்கொருவர் சொல்லிக்கொடுங்கள், அதில் தப்பே இல்லை. க்விஸ் திறந்த நிமிடத்திலிருந்து, நீ முடித்த நேரம் வரைக்கும் அல்ல, எல்லோருக்கும் அது மூடும் நேரம் வரைக்கும், குரூப் பக்கமே போகாதே. காலையில் முடித்தவள் "ஈஸிதான், தெர்மோவிலிருந்து மூணு வந்துச்சு" என்று சாதாரணமாகச் சொல்வதுகூட மாலையில் எழுதுகிறவளுக்குக் கேள்வித்தாள் கசிந்த மாதிரிதான். தோழியைக் காட்டிக்கொடு என்று நான் சொல்லமாட்டேன். ஃபோன் டேட்டாவை அணைத்துவிட்டு எழுது, அவ்வளவுதான்.

எது அனுமதி, எது இல்லை என்பதைக் கேட்டுத் தெரிந்துகொள், அதுவும் எழுத்தில். புத்தகம் பார்க்கலாமா? சொந்த நோட்ஸ்? கால்குலேட்டர்? சாட்ஜிபிடி? ஒரு பாடத்தில் அனுமதித்தது அடுத்த பாடத்தில் தண்டனைக்குரியதாக இருக்கும். "பத்து சதவீதம் வரை காப்பி அடிக்கலாம், யுஜிசியே சொல்லியிருக்கு" என்று சீனியர்கள் சொல்வார்கள். யுஜிசி, அதாவது பல்கலைக்கழக மானியக் குழு, 2018-ல் கொண்டுவந்த அந்த விதிமுறை ஆய்வேடு, கட்டுரைகளில் எழுத்துத் திருட்டைப் பற்றியது. உன் க்விஸ்ஸுக்கும் அந்தப் பத்துக்கும் சம்பந்தமில்லை. உன்னைக் கட்டுப்படுத்துவது உன் பல்கலைக்கழகத்தின் தேர்வு முறைகேடு விதிகள். சி.ஓ.இ. (தேர்வுக் கட்டுப்பாட்டாளர்) அலுவலகத்தின் இணையதளத்தில் கிடைக்கும். முதல் வருஷமே ஒருமுறை படித்துவிடு.

என்.பி.டி.இ.எல். ஆன்லைன் பாடம் படிக்கிறவர்களுக்கு ஒரு கணக்கு. வாராவாரம் வருகிற அசைன்மென்ட்டின் விடைகள் யூடியூபிலும் டெலிகிராமிலும் கொட்டிக்கிடக்கின்றன, தெரியும். இறுதி மதிப்பெண்ணில் அதற்கு 25 சதவீதம்தான், அதுவும் 12 வாரப் பாடத்தில் சிறந்த எட்டை மட்டும் எடுப்பார்கள். மீதி 75 நேரில் மையத்துக்குப் போய்க் கண்காணிப்பில் எழுதும் தேர்வு. அதில் 75-க்கு 30 எடுக்காவிட்டால், அசைன்மென்ட்டில் முழு மார்க் இருந்தாலும் சான்றிதழ் கிடையாது. பன்னிரண்டு வாரம் டெலிகிராமைப் பார்த்து எழுதிவிட்டு மையத்தில் போய் உட்காருகிற பிள்ளைக்கு அந்தத் திரையில் எல்லாமே புதுசாக இருக்கும். சென்னை ஐஐடியின் பி.எஸ். படிப்பிலும் வார அசைன்மென்ட்டை வீட்டிலிருந்து செய்யலாம், ஆனால் க்விஸ்ஸும் இறுதித் தேர்வும் நேரில்தான். வீட்டுக்குள் எழுதும் தேர்வை முழுசாகக் காவல் காக்க முடியாது என்பது இவர்களுக்கும் நன்றாகத் தெரியும்.

வெளிநாட்டுக்குப் படிக்கப் போகிறவர்கள் இதைக் கவனியுங்கள். காசு வாங்கிக்கொண்டு விடை சொல்லும் செக் (Chegg) போன்ற தளங்களில் தேர்வு நேரத்தில் கேள்வியைப் போட்டால், பல்கலைக்கழகம் விசாரணை என்று கேட்கும்போது அதன் விவரம் அவர்களிடமிருந்து வெளியே வரலாம். காசு கட்டிய கணக்கு வேறு, உன் பெயரிலேயே இருக்கும். "உங்களுக்குப் பதிலா எழுதித் தர்றோம்" என்று வருகிற மெசேஜ்கள் அதைவிட மோசம். ஆஸ்திரேலியா 2020-லும் இங்கிலாந்து 2022-லும் அப்படி எழுதித் தரும் தொழிலையே சட்டவிரோதமாக்கிவிட்டன. உன் லாகின், பாஸ்வேர்டு, பெயர், பாடம் எல்லாம் அந்த ஆளிடம் போய்விடும். அதை வைத்துப் பிறகு மிரட்டிப் பணம் பறிப்பதாக ஆஸ்திரேலியாவின் உயர்கல்வி ஒழுங்குமுறை அமைப்பே மாணவர்களை எச்சரித்திருக்கிறது. பட்டம் வாங்கி வேலைக்குப் போன பிறகும் அந்த மெசேஜ் வரலாம்.

கூப்பிட்டு விசாரித்தால்

நீ செய்யவில்லை, ஆனாலும் ஹெச்.ஓ.டி. அறைக்குக் கூப்பிடுகிறார்கள். முதல் விஷயம், பயத்தில் "சாரி சார்" என்று ஆரம்பிக்காதே. நம் வீட்டுப் பிள்ளைகளுக்குப் பெரியவர்கள் முன்னால் நின்றாலே சாரி வந்துவிடும், அந்த அறையில் அது ஒப்புதலாக எழுதப்படலாம். எந்தக் கேள்வி, எந்த நேரம், என்ன ஆதாரம் என்று கேள். அங்கேயே எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னால், "படித்துப் பார்த்து நாளைக்குத் தருகிறேன் சார்" என்று சொல்லலாம். வீட்டில் மறைக்காதே, அம்மாவையோ அப்பாவையோ கூட்டிக்கொண்டு போ. வாட்ஸ்அப் உரையாடல் எதையும் அழிக்காதே, குற்றமில்லாத உரையாடலைக்கூட. காணாமல் போன மெசேஜைப் பற்றித்தான் எல்லோரும் மோசமாகக் கற்பனை செய்வார்கள். "இப்போதே வாய்வழியாகக் கேளுங்கள், அந்தக் கணக்கைப் போர்டில் போட்டுக் காட்டுகிறேன்" என்று நீயே முன்வந்தால், நான் பார்த்தவரையில் பாதி விசாரணை அங்கேயே தளர்ந்துவிடும்.

செய்துவிட்டாய் என்றால் வேறு கதை. சீக்கிரம் சொல், முழுசாகச் சொல், மற்றவர்கள் பெயரைச் சொல்லித் தப்பிக்கப் பார்க்காதே. ஐந்து மார்க் இன்டர்னல் க்விஸ்ஸில் பூஜ்யம் வாங்கினால் அடுத்ததில் சரிக்கட்டலாம். முதலில் மறுத்து, பிறகு லாகைக் காட்டியதும் ஒப்புக்கொண்ட பிள்ளைக்கு எந்தக் கமிட்டியிலும் இரக்கம் குறைவாகவே கிடைக்கிறது.

விசாரிக்கிற எங்களுக்கும் ஒழுங்காக எழுதிய உனக்கும் பொதுவாக உதவுகிற ஒரு பொருள் ரஃப் பேப்பர். 4.8 எப்படி வந்தது என்று உன் கையெழுத்தில், வெட்டி அடித்துத் திருத்தியதோடு இருக்கும் அந்தக் காகிதத்துக்கு முன்னால் எந்த மென்பொருளின் சிவப்புக் கொடியும் நிற்காது. மேலே தேதி, பாடம், நேரம் எழுதி ஒரு ஃபைலில் போடு. எல்லாவற்றையும் மூடிவிட்டு வெளியே வந்த பிறகு ஒரு ஃபோட்டோவும் எடுத்துக்கொள், கேள்வியை அல்ல, உன் கணக்கை மட்டும். கேள்வியைப் படம் பிடிப்பது பல இடங்களில் அதுவே குற்றம். ரிசல்ட் வந்து, ரீவேல்யூவேஷன் தேதியும் தாண்டும்வரை அந்த ஃபைலைத் தூக்கிப் போடாதே. அம்மா பழைய பேப்பர்காரரிடம் எடைக்குப் போடுவதற்குள் அவரிடமும் சொல்லி வை.